காலவழுவும் வழுவமைதியும்: ‘விஷ்ணுபுரம்’ புதினத்தின் கால ஒழுங்கு

முன்னுரை

நிலமும் பொழுதும் முதற்பொருள் என்பது தொல்காப்பிய மரபு. அவ்விரண்டினுள் நிலத்தைப் புனைந்துகொள்ளும் உரிமையைப் படைப்பாளிக்கு நாம் எளிதில் வழங்கிவிடுகிறோம். எந்த நிலப்படத்திலும் இல்லாத ஊர் ஒன்றைக் கதைக்களமாக்கினால், அதனைக் கற்பனை என்று ஏற்றுக்கொண்டு மேலே படிக்கிறோம். பொழுதைப் புனைந்தாலோ தடுமாறுகிறோம். முன்னது பின்னாகவும் பின்னது முன்னாகவும் நிற்கும் கதையைக் கண்டதும், அதனை நேர்ப்படுத்திக்கொள்ளவே மனம் விழைகிறது. நேர்ப்படுத்திய பின்னர் அந்தப் பிறழ்ச்சி எதற்காக அங்கிருந்தது என்னும் வினாவை எழுப்ப மறந்துவிடுகிறோம்.

ஜெயமோகனின் ‘விஷ்ணுபுரம்’ (1997) இவ்வினாவைத் தவிர்க்கவியலாததாக்கும் புதினம் ஆகும். விஷ்ணுபுரம் ஒரு கற்பனை நகரம். அதன் வரலாறு பல நூற்றாண்டுகளுக்கு விரிகிறது. ஸ்ரீபாதம், கௌஸ்துபம், மணிமுடி என மூன்று பகுதிகளாக அமைந்த இப்புதினத்தில், முதற்பகுதிக்கு மிக முற்பட்ட காலம் இரண்டாம் பகுதியிலும், மிகப் பிற்பட்ட காலம் மூன்றாம் பகுதியிலும் பேசப்படுகின்றன. அதாவது கதையின் நடுக்காலம் முதலிலும், தொடக்கக் காலம் நடுவிலும், இறுதிக்காலம் இறுதியிலும் வைக்கப்பட்டுள்ளன. இவ்வமைப்பு வாசகருக்கு வைக்கப்பட்ட புதிரா, அன்றிப் புதினத்தின் கருத்தே இதன்கண் அடங்கியுள்ளதா என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். நம் இலக்கண நூல்கள் வகுத்துத் தந்த காலவழு, காலவழுவமைதி என்னும் கருத்துகள் இவ்வாய்வுக்கு அளவுகோலாகக் கொள்ளப்பெறுகின்றன.

வழுவும் அமைதியும்

திணை, பால், இடம், காலம், வினா, விடை, மரபு என்னும் ஏழும் பிறழ்ந்து வருதலை வழு என்பர் இலக்கண நூலார். பிறழ்ந்து வந்ததேனும் தக்க காரணம் பற்றி ஏற்றுக்கொள்ளப்படுவது வழுவமைதி. காலம் பிறழ்ந்து வருதற்கு விரைவு, மிகுதி, தெளிவு, இயல்பு ஆகிய நான்கு காரணங்களை நன்னூல் கூறுகிறது. வாயிலில் காத்து நிற்கும் நண்பனுக்கு, வீட்டினுள் இருப்பவன் இன்னும் புறப்படாத நிலையிலேயே ‘வந்துவிட்டேன்’ என்று குரல் கொடுக்கிறான். இஃது விரைவு பற்றிய அமைதி. எறும்பு தன் முட்டையைச் சுமந்துகொண்டு மேட்டில் ஏறக் கண்டால் ‘மழை பெய்தது’ என்று சொல்லிவிடுவது தெளிவு பற்றிய அமைதிக்கு உரையாசிரியர் வழிவந்த எடுத்துக்காட்டு. இனிப் பெய்யவிருக்கும் மழை பெய்துவிட்ட மழையாக மாறுவதற்குக் காரணம் வானம் அன்று, சொல்பவனின் உறுதிப்பாடே.

இக்கோட்பாட்டில் ஆழ்ந்து நோக்கத்தக்க செய்தி ஒன்று உண்டு. காலம் பிறழ்ந்ததா என்பதோடு இலக்கணம் நின்றுவிடுவதில்லை. பிறழ்ச்சிக்குக் காரணம் யாது, அது யாருடைய மனநிலையைக் காட்டுகிறது என்றும் கேட்கிறது. ஒரு சொற்றொடருக்குப் பொருந்தும் இவ்வினா ஒரு பெருங்கதைக்கும் பொருந்தும் என்பதே இக்கட்டுரையின் கருதுகோள். நிகழ்வு வரிசைக்கும் எடுத்துரைப்பு வரிசைக்கும் இடையிலான வேறுபாட்டை மேலைநாட்டு எடுத்துரைப்பியலாரும் விரிவாக ஆராய்ந்துள்ளனர். 1972இல் வெளிவந்த ழெரார் ழெனெத்தின் ஆய்வு இதில் குறிப்பிடத்தக்கது. எனினும், பிறழ்ச்சியை அதன் காரணத்தோடு சேர்த்து மதிப்பிடும் நம் இலக்கண நோக்கு திறனாய்வுக்குக் கூடுதல் பயன் தருவதாகும்.

பள்ளிகொண்ட பெருமானும் இரு நகரங்களும்

விஷ்ணுபுரம் கற்பனை நகரமேயாயினும் அதன் கருவறை தென்திருவிதாங்கூர் மண்ணுக்கு அயலானதன்று. திருவனந்தபுரத்துப் பத்மநாபசுவாமி கோயிலில் அறிதுயில் கொண்ட திருமேனியை ஒரே பார்வையில் முழுமையாகக் காண இயலாது. மூன்று வாயில்களின் வழியே திருமுகமும் உந்தியும் திருவடியும் தனித்தனியே காட்சி தருகின்றன. இன்றைய குமரி மாவட்டத்தில் உள்ள திருவட்டாற்று ஆதிகேசவப் பெருமாளும் அவ்வாறே மூன்று வாயில்களின் வழியே காணத்தக்கவராகப் பள்ளிகொண்டுள்ளார். இவ்விரு தலங்களும் நம்மாழ்வாரால் பாடப்பெற்றவை. 1956 வரை ஒரே அரசியல் நிலப்பரப்பில் இருந்தவை. திருவட்டாற்றைச் சூழ்ந்த நிலப்பகுதியில் வளர்ந்த ஒரு படைப்பாளி, கிடந்த கோலத்தில் ஒரு பெருஞ்சிலையை நடுவே வைத்து நகரம் ஒன்றைக் கற்பனை செய்தது தற்செயலன்று.

இதே கிடந்த திருக்கோலத்தை நடுவாகக் கொண்ட மற்றொரு தமிழ்ப் புதினம் இங்கு ஒப்புநோக்கத்தக்கது. நீல பத்மநாபனின் ‘பள்ளிகொண்டபுரம்’ (1970) திருவனந்தபுரம் நகரையே களமாகக் கொண்டது. ஐம்பது வயதை எட்டிய அனந்தன் நாயர் ஏறத்தாழ இரண்டு நாட்கள் நகரத் தெருக்களில் நடக்கிறார். தம்மைப் பிரிந்து சென்ற மனைவி கார்த்தியாயினி பற்றிய நினைவுகளும் தம் வாழ்வின் தோல்விகளும் அந்த இரண்டு நாட்களுக்குள் வந்து நிறைகின்றன. அங்கும் காலம் முன்பின்னாகக் கலங்கியே வருகிறது. ஆயின் அக்கலக்கத்தின் காரணம் வெளிப்படையானது: நினைப்பவர் ஒருவர், அவருடைய நினைவு செல்லும் வழியில் காலமும் செல்கிறது. நனவோடை உத்தி எனத் திறனாய்வாளர் கூறும் அவ்வமைப்பில் பிறழ்ச்சிக்கு உரியவர் யார் என்ற ஐயம் எழுவதில்லை.

‘விஷ்ணுபுரம்’ அவ்வாறன்று. இங்கு நூற்றாண்டுகள் இடம் மாறுகின்றன. முதற்பகுதி மாந்தருள் எவரும் இரண்டாம் பகுதியை நினைவுகூர்வதாக அது தொடங்குவதில்லை. ஒருவருடைய நினைவிலும் அடங்காத காலம் யாருடைய பொருட்டுப் பின்னோக்கிச் செல்கிறது? இவ்வினாவே இரு புதினங்களையும் வேறுபடுத்துகிறது.

பாதாதிகேசமும் கால வரிசையும்

விடைக்கான முதற்குறிப்பு பகுதிகளின் பெயர்களிலேயே உள்ளது. ஸ்ரீபாதம் திருவடி; கௌஸ்துபம் மார்பில் அணியும் மணி; மணிமுடி திருமுடி. தெய்வத்தைப் பாடுங்கால் அடிமுதல் முடிவரை பாடுக என்பதும், மாந்தரைப் பாடுங்கால் முடிமுதல் அடிவரை பாடுக என்பதும் மரபு. பாதாதிகேசம், கேசாதிபாதம் எனச் சிற்றிலக்கியங்களாகவே இவை வளர்ந்துள்ளன. புதினத்தின் மூன்று பகுதிகளும் வழுவாத பாதாதிகேச முறையில் அடுக்கப்பட்டுள்ளன. திருமேனியின் வரிசையில் எந்தப் பிறழ்ச்சியும் இல்லை.

ஆகவே இங்கு இரு வரிசைகள் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்துள்ளன எனலாம். இடத்தின் வரிசை அடியிலிருந்து முடிக்கு நேராக ஏறுகிறது. காலத்தின் வரிசை நடுவில் தொடங்கி முற்காலத்துக்கு இறங்கிப் பின்னர் இறுதிக்குத் தாவுகிறது. தெய்வத்தின் உடல் ஒழுங்காக இருக்க, மனிதரின் காலம் ஒழுங்கற்று இருக்கிறது. இம்முரணே புதினத்தின் கட்டமைப்பு. கருவறையின் முன் நிற்கும் அடியவர் ஒரு வாயிலில் நிற்கும்போது மற்ற இரு வாயில்களின் காட்சியை இழக்கிறார். அதுபோல, விஷ்ணுபுரத்தின் ஒரு காலத்தில் வாழும் மனிதர் மற்றக் காலங்களை இழந்தே வாழ்கிறார். மூன்று வாயில்களையும் கடப்பவர் வாசகர் ஒருவரே. யாருடைய பொருட்டுக் காலம் பின்னோக்கிச் செல்கிறது என்ற வினாவுக்கு ‘வாசகர் பொருட்டு’ என்பதே முதல் விடை.

மரபில் காலப்பிறழ்வு

கற்பனை உலகில் காலம் முரண்படுதல் நம் இலக்கியத்துக்குப் புதியதன்று. தன் மகள் ரேவதிக்கு மணமகனைத் தெரிந்து தரவேண்டிப் பிரமனின் உலகுக்குச் சென்ற ககுத்மி மன்னன், அங்குச் சிறிது பொழுதே காத்திருந்தான் எனினும் மண்ணுலகில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்துவிட்டன என்று பாகவதம் கூறும். உலகுக்கு உலகு காலத்தின் அளவு வேறுபடும் என்பதே அக்கதையின் உட்கிடை.

தமிழில் இதனினும் நுட்பமான இடம் மணிமேகலையில் உண்டு. மணிபல்லவத்தில் உண்ணா நோன்பிருந்து உயிர் துறந்த ஆபுத்திரன், சாவக நாட்டில் மீண்டும் பிறந்து புண்ணியராசன் என்னும் அரசனாகிறான். பின்னர் அதே தீவுக்கு வந்து மணலுள் கிடக்கும் தன் பழைய உடலின் எலும்புகளைத் தானே காண்கிறான். இறந்த காலம் மண்ணுக்கடியில் கைக்கெட்டும் பொருளாக, நிகழ்காலத்தோடு ஒரே இடத்தில் கிடக்கும் அரிய காட்சி இது. ‘விஷ்ணுபுரம்’ காட்டும் காலக் கலப்பு ககுத்மியின் கதையைவிட இதற்கே நெருக்கமானது. புண்ணியராசனுக்குத் தன் எலும்பு இன்னதென்று சொல்லத் தீவதிலகை இருந்தாள். விஷ்ணுபுரத்து மாந்தருக்குச் சொல்வார் இல்லை. அவர்கள் முன்னோரின் எலும்புகள்மீது நடந்தும் அவற்றை அறியாதிருக்கின்றனர். வாசகர் மட்டும் அறிகிறார்.

முன்னறிந்த முடிவும் வாதத்தின் மதிப்பும்

இவ்வறிவு வாசகருக்கு என்ன செய்கிறது என்பதை இரண்டாம் பகுதியைக் கொண்டு விளக்கலாம். கௌஸ்துபம் முழுதும் தத்துவ வாதங்களால் ஆனது. வைதிகத் தரப்பின் பவதத்தரும் பௌத்தரான அஜிதரும் எதிரெதிர் நிற்கின்றனர். வாதில் அஜிதர் வெல்கிறார்; நகரம் பௌத்தத்தின் வயமாகிறது. நேரான கால வரிசையில் இதனைப் படித்திருப்பின், வெல்வது யார் என்ற ஆவலே வாசகரைச் செலுத்தியிருக்கும். ஆனால் அவர் முன்னரே ஸ்ரீபாதத்தைப் படித்துவிட்டார். பிற்காலத்தில் அந்நகரம் மீண்டும் வைதிகரின் ஆளுகையில் இருப்பதையும், சடங்குகளின் பாரத்தில் அறிவு இறுகிப்போனதையும் கண்டுவிட்டார். ஆகவே அஜிதரின் வெற்றி நிலைக்கப்போவதில்லை என்பது அவ்வெற்றிக்கு முன்னரே அவருக்குத் தெரியும்.

பகுதிகளை இடம் மாற்றி வைத்து இதனைச் சோதிக்கலாம். கௌஸ்துபம், ஸ்ரீபாதம், மணிமுடி என வைப்பின் கதை ஒரு வரலாறாகும்: பௌத்தம் வென்றது, வைதிகம் மீண்டது, நகரம் அழிந்தது. அவ்வரலாறு இறுதியாக வென்ற தரப்புக்குச் சான்றிதழ் தருவதாகவோ, அன்றி அத்தரப்பின் குற்றத்துக்கு அழிவைத் தண்டனையாக்குவதாகவோ படிக்கப்படும். இரண்டும் தீர்ப்புகளே. நூலில் உள்ள வரிசையோ தீர்ப்புக்கு இடந்தருவதில்லை. வெற்றி நிலையாதது என்பது முன்னரே தெரிந்துவிட்டதால், வாதத்தில் எஞ்சுவது வாதமே. சிந்தனை தன் பயனைக் கருதாது தன்னளவில் எத்துணை உண்மையானது என்று வாசகர் அளந்து பார்க்க நேர்கிறது. முடிவை முன்னே சொல்லிவிடுவது கதைச்சுவையைக் குறைக்கும் என்பது பொதுக்கருத்து. இங்கு அதுவே கருத்தின் கனத்தைக் கூட்டுகிறது.

மனிதர் தொன்மமாதல்

மற்றொரு விளைவு முதற்பகுதிக்கும் மூன்றாம் பகுதிக்கும் இடையே நிகழ்கிறது. ஸ்ரீபாதத்தில் சித்திரை என்னும் கணிகைமீது கொண்ட காதலால் பித்தேறித் திரியும் திருவடி, பிற்காலத்தாரால் ஆழ்வாராகப் போற்றப்படுகிறார். அவரது துயரம் அருளாகவும், பித்து பக்தியாகவும் பொருள் மாறுகின்றன. தம் காவியத்தை அரங்கேற்ற வரும் சங்கர்ஷணன் என்னும் கவிஞனின் வாழ்வில் நேர்ந்த இழப்புகளையும் வாசகர் அருகிருந்து கண்டவர். பின்வந்த நூற்றாண்டின் மாந்தருக்கு இவர்கள் பெயர்களாக மட்டுமே எஞ்சுகின்றனர்.

இங்குக் காலப்பிறழ்வு ஓர் அறப்பொறுப்பை உண்டாக்குவது உணரத்தக்கது. திருவடியின் உண்மையை அறிந்தவர் புதினத்தின் பிற்கால மாந்தருள் எவரும் இலர். அதனை அறிந்த ஒரே சாட்சி வாசகர். தொன்மத்தை மட்டும் கேட்டவர் அதனை வணங்கலாம், அன்றி இகழலாம். நிகழ்வையும் தொன்மத்தையும் ஒருங்கே அறிந்தவருக்கு அவ்விரண்டும் எளிதல்ல. நம் ஊர்களில் தெய்வங்களாக நிற்பவர்களுள் எத்தனை பேர் ஒருகாலத்தில் நம்மைப்போல் அழுதவர்கள் என்னும் எண்ணம் அவரிடம் எழுகிறது. நாட்டார் தெய்வங்கள் பல கொலையுண்ட மனிதர்களே என்பதைக் குமரி மாவட்ட வில்லுப்பாட்டுகளைக் கேட்டவர் அறிவர். புதினம் அவ்வறிவைக் கட்டமைப்பின் வழியே வாசகருக்கு உண்டாக்குகிறது.

இதே நோக்கில் காணி மக்களின் இடமும் கருதத்தக்கது. கருவறையில் கிடப்பது விஷ்ணு அல்லர், எங்கள் பெருமூப்பனே என்கின்றனர் அவர்கள். வைதிகருக்கும் பௌத்தருக்கும் முற்பட்ட உரிமைக்குரல் அது. ஆனால் மூன்று பகுதிகளுள் ஒன்றேனும் அவர்களது காலமாக விரிவதில்லை. அக்காலம் நினைவாகவும் பழிச்சொல்லாகவும் மட்டுமே ஒலிக்கிறது. மற்றெல்லாக் காலங்களையும் முன்பின்னாக மாற்றிக் காட்டத் துணிந்த புதினம், மிகப் பழைய காலத்தை மட்டும் வாயில் திறவாது விட்டது ஏன்? எழுத்துடையோரின் நகரம் எழுத்தற்றோரின் காலத்தைச் சொல்லவல்லதன்று என்பதை உணர்த்தும் மௌனம் இது எனக் கொள்ளலாம். எனினும் அம்மௌனத்தைப் புதினம் தானே சுட்டிக்காட்டியிருப்பின் அதன் விமர்சனம் கூர்மை பெற்றிருக்கும்.

சுழற்சிக் காலமும் ஒரு மறுப்பும்

இப்புதினம் வெளிவந்த நாளிலிருந்து இதனை வைதிக மரபின் மீட்புரை எனக் கண்டோரும், அம்மரபின்மீதான கடும் விமர்சனம் எனக் கண்டோரும் உளர். முதல் தரப்பினரின் வலுவான வாதம் காலத்தைப் பற்றியது. யுகந்தோறும் பெருமான் புரண்டு படுப்பார், அப்போது அனைத்தும் அழிந்து மீண்டும் தொடங்கும் என்னும் நம்பிக்கை புதினத்தின் நடுநாடி. கரிய நாய் போன்ற படிமங்கள் காலந்தோறும் மீண்டும் மீண்டும் வருகின்றன. எல்லாம் சுழற்சி எனின் மாற்றத்துக்குப் பொருளில்லை. மாற்றத்துக்குப் பொருளில்லை எனின் அநீதிக்கு எதிரான குரலுக்கும் பொருளில்லை. இவ்வாதம் எளிதில் ஒதுக்கத்தக்கதன்று.

இதற்கு விடை காண மீண்டும் வழுவமைதியை நாடவேண்டும். பெருமான் புரள்வார் என்னும் நம்பிக்கை எறும்பைக் கண்டவன் ‘மழை பெய்தது’ என்பது போன்றது. அது தெளிவு பற்றிய காலப்பிறழ்ச்சி, அத்தெளிவு நம்புவோருடையது. நகரத்தை ஆள்வோர் அந்நம்பிக்கையைத் தம் ஆட்சிக்குத் துணையாகக் கொள்கின்றனர். காணி மக்களும் பெருமூப்பன் எழும் நாளை எதிர்நோக்கித் தம் விடுதலையை அதே நம்பிக்கையில் வைத்துள்ளனர். ஒரே தெளிவு ஆள்வோனுக்கு ஒன்றாகவும் ஆளப்படுவோனுக்கு வேறாகவும் பயன்படுவதைப் புதினம் காட்டுகிறது. ஆகவே சுழற்சிக் காலம் ஆசிரியர் கூற்றாகாது, மாந்தரின் உரிமைப்போராட்டத்தில் ஒரு கருவியாகவே நிற்கிறது. புதினத்தின் பகுதி வரிசையும் வட்டமாக இல்லை என்பதை மறத்தலாகாது. மூன்றாம் பகுதியின் முடிவு முதற்பகுதியின் தொடக்கத்தோடு இணைவதில்லை. வட்டத்தை நம்பும் மனிதரின் கதை ஒடிந்த கோட்டில் சொல்லப்பட்டுள்ளது.

ஆயினும் மணிமுடியின் இறுதியில் வரும் பிரளயம் இவ்விடையைச் சற்றே வலுவிழக்கச் செய்கிறது. நீர்ப்பெருக்கில் வேதியனும் காணியும், அறிஞனும் மூடனும் ஒருங்கே மறைகின்றனர். அழிவு அனைவருக்கும் பொதுவாகும்போது அநீதி யாருடையது என்னும் வினா நீரோடு போய்விடுகிறது. இங்குக் காப்ரியேல் கார்சியா மார்க்வெஸின் ‘தனிமையின் நூறு ஆண்டுகள்’ (1967) நினைவுக்கு வருவது இயல்பு. அங்கும் மகோந்தோ என்னும் கற்பனை ஊர் இறுதியில் காற்றால் துடைத்தழிக்கப்படுகிறது. ஆனால் அவ்வழிவுக்கு முன்னர் வாழைத்தோட்டத் தொழிலாளர் சுட்டுக் கொல்லப்பட்டதும், அது நிகழவே இல்லை என்று ஊர் நம்பவைக்கப்பட்டதும் வாசகர் மனத்தில் ஆழப் பதிந்துவிடுகின்றன. வரலாற்றுக் குற்றம் அண்ட அழிவில் கரைவதில்லை. ‘விஷ்ணுபுரம்’ புதினத்தில் அத்தகைய கரையாத எச்சமாக நிற்பது எது எனக் கேட்டால், திருவடியின் பித்தையும் காணிகளின் உரிமைக்குரலையும் சொல்லலாம். அவை வாசகரிடம் எஞ்சுகின்றன, நகரத்திடம் எஞ்சுவதில்லை.

இவ்விடத்தில் ‘பள்ளிகொண்டபுரம்’ வேறொரு வழியைக் காட்டுகிறது. அங்குப் பெருமான் புரள்வதில்லை. அனந்தன் நாயரின் வாழ்வு முடிகிறது, நகரம் முடிவதில்லை. பத்மநாபசுவாமி கோயிலில் ஆறாண்டுக்கு ஒருமுறை ஐம்பத்தாறு நாட்கள் நடைபெறும் முறைஜபம் இன்றும் வழக்கில் உள்ளது. அம்முறை திரும்பத் திரும்ப வரும்; தனிமனிதன் திரும்பி வருவதில்லை. கோயிலின் காலம் சுழல, மனிதனின் காலம் தேய்கிறது என்ற எளிய உண்மை, பேரழிவின் துணையின்றியே அப்புதினத்தில் வெளிப்படுகிறது. ஒன்று காலத்தை நூற்றாண்டுகளாக விரித்தும், மற்றொன்று இரண்டு நாட்களாகச் சுருக்கியும் உறங்கும் தெய்வத்தின் அருகில் உறங்கமுடியாத மனிதரைக் காட்டுகின்றன. ஒரே மண்ணின் இரு காலக்கணக்குகள் இவை.

முடிவுரை

மேற்கண்டவற்றால் பின்வரும் கருத்துகள் பெறப்படுகின்றன. ‘விஷ்ணுபுரம்’ புதினத்தின் இட வரிசை பாதாதிகேச மரபில் வழுவாது நிற்க, கால வரிசை வழுவி நிற்கிறது. அம்முரணே அதன் கருத்தைத் தாங்குகிறது. முடிவை முன்வைக்கும் அமைப்பு தத்துவ வாதத்தை வெற்றி தோல்விக் கணக்கிலிருந்து விடுவிக்கிறது. நிகழ்வு தொன்மமாவதைக் காணும் ஒரே சாட்சியாக வாசகரை அது நிறுத்துகிறது. சுழற்சிக் காலம் மாந்தரின் நம்பிக்கையாகவே இடம்பெறுவதால், புதினத்தை மாற்றமறுப்பு நூல் என ஒதுக்குதல் பொருந்தாது. அதே வேளையில், மிகப் பழைய குடிகளின் காலத்துக்கு வாயில் அமைக்காமையும், பொதுப்பிரளயத்தில் பொறுப்பைக் கரைத்தமையும் அதன் குறைகளாகவே எஞ்சுகின்றன.

கால ஒழுங்கு பிறழ்ந்த கதையை நேர்ப்படுத்திப் படிப்பது வாசகரின் முதற்பணி. பிறழ்ச்சியின் காரணத்தைக் கேட்பது அடுத்த பணி. அந்தப் பிறழ்ச்சியால் எவருடைய காலம் ஒளி பெற்றது, எவருடைய காலம் இருளில் விடப்பட்டது எனக் கேட்பது திறனாய்வாளரின் பணி. இன்று வரும் தமிழ்ப் புனைவுகள் கற்பனை உலகங்களையும் மாற்றுக் காலங்களையும் மிகுதியாக நாடுகின்றன. அவற்றை அளப்பதற்கான முதல் அளவுகோல் நம் இலக்கண நூல்களின் சொல்லதிகாரத்திலேயே இருப்பது நாம் மறத்தற்குரியதன்று.